சூரிய வானியலாளர் ஒருவரின் வாழ்க்கை எப்படி இருக்கும்? கொடைக்கானல் எவர்ஷெட்டை வைத்து ஒரு பதில்

தம்பி, உங்கள் கேள்வி இது: மகள் உயர்தரத்தில் கணிதப் பிரிவு படிக்கிறாள், சூரியனை ஆராய்கிற வானியலாளராக வரப்போகிறேன் என்கிறாள். அப்படி ஒருவர் வாழ்நாள் முழுக்க என்னதான் செய்வார், அதற்கும் எங்கள் யாழ்ப்பாணத்துக்கும் ஏதாவது தொடர்பு இருக்கிறதா என்று கேட்டிருக்கிறீர்கள். "கிரகணம் பார்க்கிற வேலையா?" என்று பகிடியாகவும் ஒரு வரி சேர்த்திருந்தீர்கள். அந்த வரியிலிருந்தே தொடங்குகிறேன்.

கிரகணம் பார்ப்பது அதில் மிகச் சிறிய பங்கு. மிச்சமெல்லாம் ஒவ்வொரு நாள் காலையும் அதே சூரியனை, அதே கருவியால், அதே மாதிரிப் படமெடுத்துத் திகதி போட்டு அடுக்கி வைப்பது. நான் முப்பது வருடம் பௌதிகவியல் படிப்பித்தவன், வானியலாளன் இல்லை. ஆனால் இந்த மனிதர்களைப் பற்றித் தேடித் தேடி வாசித்திருக்கிறேன். அவர்களில் ஒருவரைச் சொன்னால் உங்கள் மகளுக்கு நன்றாக விளங்கும் என்று நினைக்கிறேன். பெயர் ஜோன் எவர்ஷெட். அவர் வேலை செய்த இடம் பழனிமலைத் தொடரில் உள்ள கொடைக்கானல். எங்கள் ஊரிலிருந்து நேர்கோட்டில் பிடித்தால் 300 கிலோமீற்றருக்குள்தான். யாழ்ப்பாணத்திலிருந்து கொழும்பு போகிற வீதியே அதைவிட நீளம்.

முதலில் ஊர்த் தொடர்பு. 1871 டிசெம்பர் 12 காலையில் முழுச் சூரிய கிரகணம் ஒன்று தென்னிந்தியாவையும் எங்கள் வடபகுதியையும் கடந்து போனது. அதைப் பார்க்க இங்கிலாந்திலிருந்து நோர்மன் லொக்கியர் தலைமையில் ஒரு குழு கப்பலேறி வந்தது. லொக்கியர் மலபார்க் கரையில் பேக்கல் கோட்டையில் நின்றார். குழுவில் ஒரு பகுதியினர் திருகோணமலையில் நின்றார்கள், இன்னொரு பகுதியினர் யாழ்ப்பாணத்தில். கப்டன் ஹொக் என்பவர் எங்கள் ஊரில் வைத்து அந்தக் கிரகணத்தைப் புகைப்படம் எடுத்தார். அந்த நாளில் பெரிய சர்ச்சையாக இருந்த கேள்வி, முழுக் கிரகணத்தின்போது சூரியனைச் சுற்றித் தெரிகிற வெள்ளி ஒளிவட்டம் சூரியனுக்கே உரியதா, அல்லது எங்கள் வளிமண்டலம் காட்டுகிற மாயமா என்பது. தூரத் தூர இடங்களில் எடுத்த படங்களில் ஒரே உருவம் வந்தால் அது சூரியனுடையது. பேக்கலிலும் நீலகிரியின் தொட்டபெட்டாவிலும் எடுத்த படங்கள் ஒத்துப்போயின. அந்த ஒளிவட்டத்தைத்தான் இன்று கொரோனா என்கிறோம். (நோய்க்கு அந்தப் பெயர் வந்த பிறகு வகுப்பில் இதைச் சொன்னால் பிள்ளைகள் சிரிக்கிறார்கள்.)

லொக்கியர் யார்? இங்கிலாந்தின் போர் அலுவலகத்தில் எழுதுவினைஞராக இருந்தவர். வானியல் அவருக்குப் பொழுதுபோக்கு. சூரிய ஒளியை நிறம் நிறமாகப் பிரித்து விரித்தால் கிடைப்பது நிறமாலை, ஒவ்வொரு மூலகமும் அதில் தனக்கே உரிய கோடுகளை விடும். 1868இல் அந்த நிறமாலையின் மஞ்சள் பகுதியில், தெரிந்த எந்த மூலகத்துக்கும் பொருந்தாத ஒரு கோட்டை வைத்து, பூமியில் காணாத ஒரு மூலகம் சூரியனில் இருக்கிறது என்று சொன்னவர். அதுதான் ஈலியம். 1895இல்தான் ராம்சே என்ற இரசாயனவியலாளர் அதைப் பூமியில் ஒரு கனிமத்திலிருந்து பிரித்தெடுத்தார். உங்கள் மகள் ஆவர்த்தன அட்டவணையில் இரண்டாவதாகப் படிக்கிற மூலகம், முதலில் சூரியனில் கண்டுபிடிக்கப்பட்டது.

இனிக் கொடைக்கானல் ஏன் வந்தது என்ற கதை. இது கொஞ்சம் கசப்பானது. 1876 முதல் 1878 வரை சென்னை மாகாணத்தில் பெரும் பஞ்சம். இலட்சக்கணக்கான சனம் செத்தது. மழை ஏன் பொய்த்தது என்று தேடியபோது, சூரியனின் முகத்தில் தெரிகிற கரும்புள்ளிகள், அதாவது சூரியப்புள்ளிகள், 11 வருடத்துக்கு ஒருமுறை கூடிக் குறைகின்றனவே, மழையும் அதோடு சேர்ந்துதான் ஏறி இறங்குகிறதோ என்று ஒரு எண்ணம் எழுந்தது. 1877இல் அதே லொக்கியர், இந்தியாவில் புள்ளிவிபர அதிகாரியாக இருந்த ஹன்ரருடன் சேர்ந்து சூரியப்புள்ளியும் பஞ்சமும் பற்றி ஒரு கட்டுரை எழுதினார். சூரியனை நாள்தோறும் பார்த்தால் மழையை முன்கூட்டிச் சொல்லலாம் என்ற நம்பிக்கை வலுத்தது. தென்னிந்திய மலையில் ஒரு சூரிய அவதான நிலையம் வேண்டும் என்பதற்கு அது பெரிய காரணமாகியது. மிச்சி ஸ்மித் என்பவர் நீலகிரியையும் பழனிமலையையும் சோதித்துப் பார்த்துக் கொடைக்கானலைத் தெரிவு செய்தார். 1901இல் அவதானிப்பு தொடங்கிவிட்டது. மழையைச் சொல்லும் கனவு பலிக்கவில்லை. சூரியப்புள்ளியைப் பார்த்து விதைப்பு நாள் குறிக்க யாராலும் முடியவில்லை, இன்றைக்கும் முடியாது. நிலையம் மட்டும் நின்றுவிட்டது. பஞ்சத்தில் செத்தவர்களை நினையாமல் அந்த மலை நிலையத்தைப் பற்றி என்னால் கதைக்க முடிவதில்லை.

சரி, எவர்ஷெட்டுக்கு வருவோம்.

1864இல் இங்கிலாந்தின் சரே மாவட்டத்தில் பிறந்தவர். தொழில் தொழிற்சாலை இரசாயனம். பகலில் சம்பளத்துக்கு வேலை, மிச்ச நேரத்தில் சூரியன். 1890இல் கென்லி என்ற இடத்தில் தன் வீட்டோடு சொந்தமாக ஒரு அவதான நிலையம் வைத்துக்கொண்டார். ரன்யார்ட் என்ற வானியல் நண்பர் இறக்கும்போது தன்னுடைய 18 அங்குலத் தொலைகாட்டியை இவருக்கு எழுதிவைத்துவிட்டுப் போனார். அதாவது கிட்டத்தட்ட 42 வயது வரைக்கும் இந்த மனிதர் பொழுதுபோக்குக்காரர். இதை உங்கள் மகளிடம் சொல்லுங்கள். பத்தொன்பது வயதில் கம்பஸ், அதாவது பல்கலைக்கழக அனுமதி, கிடைக்காவிட்டால் எல்லாம் முடிந்தது என்று எங்கள் ஊரில் ஒரு பயம் இருக்கிறது.

கிரகணத்துக்கும் அலைந்தார். 1896இல் நோர்வேக்குப் போனார், முகில் மூடிவிட்டது. 1898 ஜனவரியில் இந்தியாவுக்கு வந்தார், வானம் தெளிவாக இருந்தது. சந்திரன் சூரியனை முழுதாக மறைக்கிற அந்த நொடியில், விளிம்பிலுள்ள மெல்லிய வாயுப்படை மாத்திரம் மின்னி மறையும். அந்த மின்னலின் நிறமாலையைப் பிடித்தார். ஐதரசனின் கோடுகள் நெருங்கி நெருங்கி ஓர் எல்லையில் முடியும் அல்லவா, அந்த எல்லைக்கு அப்பாலும் ஊதா கடந்த பகுதியில் தொடர்ச்சியான ஒளி இருந்தது. அந்த வேலைதான் பெரியவர்களின் கண்ணில் அவரைப் படவைத்தது. வில்லியம் ஹகின்ஸ் என்ற மூத்த வானியலாளர் கொடைக்கானல் பதவிக்கு அவர் பெயரைச் சொன்னார்.

1906இல் இரண்டு காரியம் நடந்தது. கொடைக்கானலில் உதவி இயக்குநர் பதவி கிடைத்தது, மேரி ஓர் என்பவரைக் கல்யாணமும் செய்தார். மேரி வெறும் "மிஸிஸ் எவர்ஷெட்" இல்லை. தென்வானத்து நட்சத்திரங்களைப் பற்றி அதற்கு முன்பே வழிகாட்டி நூல் எழுதியவர். தாந்தேயின் கவிதையில் வருகிற வானியலைப் பற்றிக் கொடைக்கானலில் இருந்த காலத்தில் ஒரு நூல் வெளியிட்டார். சூரிய விளிம்பில் எழுகிற தீநாக்குகளைப் பற்றி இருவரும் சேர்ந்து 1917இல் பெரிய ஆய்வொன்றை வெளியிட்டார்கள். புதுமணத் தம்பதி இந்தியாவுக்கு வந்த வழியும் வேடிக்கை. நேரே வராமல் அமெரிக்காவுக்குப் போய், மவுண்ட் வில்சனில் ஜோர்ஜ் ஹேல் என்ற சூரிய வானியலாளரின் கருவிகளைப் பார்த்துவிட்டு, ஜப்பான் வழியாக 1907இல் கொடைக்கானல் வந்து சேர்ந்தார்கள். தேனிலவுக்கு அவதான நிலையம் பார்க்கப் போன சோடி!

இனி அந்த ஒரு காலைப்பொழுது. 1909 ஜனவரி 5. இதை நிதானமாகச் சொல்லவேண்டும், ஏனென்றால் அவர் பெயர் இன்றும் நிற்பது இதனால்தான்.

சூரியப்புள்ளியை நல்ல படத்தில் பார்த்தால் நடுவில் கருப்பு, அதைச் சுற்றிச் சாம்பல் நிற வளையம். அந்த வளையம் முழுக்க மெல்லிய இழைகள், சைக்கிள் சில்லின் கம்பிகள் மாதிரி நடுவிலிருந்து வெளியே ஓடும். முந்தைய வருடம், 1908இல், ஹேல் இரண்டு விஷயம் சொல்லியிருந்தார். புள்ளிகளைச் சுற்றி நீர்ச்சுழி மாதிரியான உருவங்கள் தெரிகின்றன என்பது ஒன்று. புள்ளிகளுக்குள் பலத்த காந்தப்புலம் இருக்கிறது என்பது மற்றது. ஆகவே புள்ளி ஒரு சூறாவளி, வாயு அதில் சுழன்றுகொண்டிருக்கும் என்று எல்லோரும் எதிர்பார்த்தார்கள். எவர்ஷெட்டும் அந்தச் சுழற்சியைத்தான் தேடினார்.

தேடுவது எப்படி? யாழ்தேவி ரயில் கோண்டாவிலைத் தாண்டும்போது ஊதுகிற ஊதலைக் கேட்டிருப்பீர்கள். கிட்ட வரும்போது கீச்சென்று, தாண்டிப் போகும்போது தணிந்து கேட்கும். ஒளிக்கும் அப்படியே. எங்களை நோக்கி வருகிற வாயுவின் நிறமாலைக் கோடு ஊதாப் பக்கம் நகரும், விலகுகிற வாயுவின் கோடு சிவப்புப் பக்கம் நகரும். புள்ளி சூறாவளி மாதிரிச் சுழன்றால், சுழற்சியில் எங்களை நோக்கி வருகிற பக்கமும் விலகுகிற பக்கமும் ஒரு ஒழுங்கில் தெரியவேண்டும்.

அந்தக் காலத்தில் புகைப்படச் சுருளுக்குப் பதிலாக இருந்த கண்ணாடித் தட்டில் விழுந்த கோடுகளை அவர் அளந்தபோது அந்த ஒழுங்கு வரவில்லை. சூரிய விளிம்புக்குக் கிட்ட இருக்கிற புள்ளியில், விளிம்புப் பக்கத்து வளையத்தில் கோடு சிவப்புக்கு நகர்ந்திருந்தது. சூரியனின் மையத்தை நோக்கிய பக்கத்தில் ஊதாவுக்கு நகர்ந்திருந்தது. அதே புள்ளி சூரிய வட்டத்தின் நடுவுக்கு வந்தால் நகர்வே இல்லை. இதற்கு ஒரு விளக்கம்தான் பொருந்தும்: வாயு சுழலவில்லை, சில்லுக் கம்பி வழியே நடுவிலிருந்து வெளியே, மேற்பரப்போடு கிடையாக ஓடுகிறது. நடுவட்டத்தில் நாங்கள் நேர் மேலே இருந்து பார்க்கிறோம், ஓட்டம் எங்களை நோக்கியும் இல்லை, விலகியும் இல்லை, குறுக்கே போகிறது. அதனால் நகர்வு காணாமல் போகிறது.

எவ்வளவு வேகம்? சராசரியாக நொடிக்கு 2 கிலோமீற்றர் அளவு. அந்த வேகத்தில் யாழ்ப்பாணத்திலிருந்து கொழும்புக்கு மூன்றரை நிமிடத்தில் போகலாம். ஆனால் ஒளியின் வேகத்தோடு ஒப்பிட்டால் அது ஒன்றரை இலட்சத்தில் ஒரு பங்கு. கோடு நகருவதும் தன் அலைநீளத்தில் அதே பங்குதான். கணினி இல்லை, எலெக்ட்ரோனிக் கமெரா இல்லை. நுணுக்குக்காட்டியின் கீழ் கண்ணாடித் தட்டை வைத்து, திருகாணியைத் திருகித் திருகி, கோட்டின் மேல் நூலிழையைக் கொண்டுவந்து நிறுத்தி எண்ணை எழுதவேண்டும். பிறகு அடுத்த கோடு. எதிர்பார்த்த சுழியைக் காண்கிறேன் என்று மனம் சொல்ல, கை வேறு எண்ணை எழுதுகிறது. கையை நம்பியதுதான் இந்த மனிதரின் கெட்டித்தனம் என்பது என் அபிப்பிராயம். எத்தனை மாணவர்கள் பரிசோதனைக் கொப்பியில் "சரியான" விடை வருவதற்காக அளவீட்டைத் திருத்தி எழுதுகிறார்கள் என்பதை முப்பது வருடம் பார்த்தவன் சொல்கிறேன்.

இன்று அதற்குப் பெயர் எவர்ஷெட் விளைவு. அந்த ஓட்டத்தைப் புள்ளியின் காந்தப்புலம் எப்படி நடத்துகிறது என்று செய்மதிப் படங்களையும் சுப்பர் கணினிகளையும் வைத்து இன்னமும் ஆராய்கிறார்கள்.

மிச்ச வாழ்க்கையை வேகமாகச் சொல்லிவிடலாம். 1911இல் இயக்குநரானார். 1915இல் ரோயல் சொசைட்டி உறுப்பினர், 1918இல் ரோயல் வானியல் சங்கத்தின் தங்கப்பதக்கம். ஐன்ஸ்டைன் சொன்னபடி சூரியனின் ஈர்ப்பு நிறமாலைக் கோடுகளைச் சிவப்புக்குத் தள்ளுகிறதா என்று வருடக்கணக்காக அளந்தார். 1922இல் ஐன்ஸ்டைனின் இன்னொரு கூற்றைச் சோதிக்க அவுஸ்திரேலியாவின் வொலால் கரைக்குக் கிரகணம் பார்க்கப் போனார். அமெரிக்க அணிக்கு நல்ல பலன் கிடைத்தது, இவருடைய கருவி சரிவர இயங்கவில்லை. பெரிய ஆட்களுக்கும் அப்படி நடக்கும். 1923இல் ஓய்வு. ஓய்வு என்றால் சாய்மனைக் கதிரை இல்லை, இங்கிலாந்தில் யூஹேர்ஸ்ட் என்ற ஊரில் மறுபடி சொந்தமாக ஒரு அவதான நிலையம் கட்டி 1950 வரை, 86 வயது வரை, சூரியனையே பார்த்தார். 1956இல் காலமானார். கொடைக்கானலில் 1904இல் தொடங்கிய சூரியப் படவரிசை நூறு வருடத்துக்கு மேல் நீண்டு, அந்தக் கண்ணாடித் தட்டுகளெல்லாம் இப்போது கணினிக்கு ஏற்றப்பட்டிருக்கின்றன. அவற்றில் எத்தனையோ படம் எடுத்தவர்கள் உள்ளூர் உதவியாளர்கள். விளைவுக்கு அவர்கள் பெயர் இல்லை.

இப்போது உங்கள் மகளின் விஷயம். நடைமுறையாகச் சொல்கிறேன்.

உயர்தரத்தில் இணைந்த கணிதமும் பௌதிகவியலும் திடமாக இருக்கவேண்டும். இரசாயனவியலை "சும்மா பாஸ் பண்ணினால் போதும்" என்று விடவேண்டாம், எவர்ஷெட் அதில் இருந்துதான் வந்தார். பிறகு பௌதிகவியலில் சிறப்புப் பட்டம், அது யாழ்ப்பாணத்துத் திருநெல்வேலியில் எங்கள் பல்கலைக்கழகத்தில் என்றாலும் சரி, கொழும்பு, பேராதனை என்றாலும் சரி. இலங்கையில் சூரியனுக்கென்று ஒரு பெரிய அவதான நிலையம் இல்லை. மொரட்டுவையில் ஆதர் சி கிளார்க் நிறுவனத்தில் 45 சென்ரிமீற்றர் தொலைகாட்டி ஒன்று இருக்கிறது, அது இரவு வானத்துக்கு. ஆகவே கலாநிதிப் பட்டத்துக்கு வெளியே போகவேண்டி வரும். மிகக் கிட்டிய நல்ல இடம் பெங்களூரில் உள்ள இந்திய வானியற்பியல் நிறுவனம். கொடைக்கானலை நடத்துவது அவர்கள்தான். 2023 செப்டெம்பர் 2இல் ஏவிய ஆதித்யா எல்1 விண்கலத்தின் பிரதான கருவியை, கொரோனாவைப் பார்க்கிற கருவியை, உருவாக்கியதும் அவர்கள்தான். அந்தக் கலம் பூமியிலிருந்து 15 இலட்சம் கிலோமீற்றர் தூரத்தில் நின்று பார்க்கிறது. அதை ஏவியபோது திட்ட இயக்குநராக இருந்தவர் நிகர் ஷாஜி, தமிழ்நாட்டுச் செங்கோட்டைக்காரர். பெண்பிள்ளைக்கு இது எதற்கு என்று யாராவது சொந்தக்காரர் கேட்டால் அந்தப் பெயரைச் சொல்லுங்கள்.

வேலை நிறைய இருக்கிறதா என்றால், இல்லை. உலகம் முழுக்கச் சேர்த்தாலும் இது சிறிய கூட்டம். மருத்துவம், பொறியியல் மாதிரி பட்டம் முடிந்ததும் கதிரை காத்திருக்காது. ஆனால் அந்தப் படிப்பில் பழகுகிற கணிதமும் நிரலாக்கமும் வேறு எங்கும் சோறு போடும். பைதன் மொழியை இப்போதே தொடங்கச் சொல்லுங்கள். நாசாவின் சூரிய அவதானச் செய்மதி ஒன்று 2010 முதல் எடுக்கிற படங்கள் எல்லோருக்கும் இலவசமாகக் கிடைக்கின்றன. நல்லூரில் ஒரு அறையில் இருந்துகொண்டு எவர்ஷெட் கனவிலும் காணாத படங்களைத் திறக்கலாம்.

இன்னொன்று. இது என் சொந்தக் கதை. 1995 ஒக்டோபர் 24 காலையில் கிரகணம். வட இந்தியாவில் முழுக் கிரகணம், எங்களுக்குப் பகுதிதான். ஊரில் மின்சாரம் இல்லாத காலம். எங்கள் வீட்டுக் குசினி ஓட்டில் ஒரு சிறிய ஓட்டை இருந்தது. அதனூடாக விழுகிற வெயில் சாணம் மெழுகிய நிலத்தில் வட்டமாக நிற்கும், ஐந்து ரூபாய்க் குற்றியைவிடச் சற்றுப் பெரிது. அன்றைக்கு அந்த வட்டத்தை யாரோ ஒரு ஓரத்தில் கடித்த மாதிரி இருந்தது. நானும் தங்கச்சியும் அடுப்புக்கரியால் நிலத்தில் அதன் ஓரத்தைக் கீறிக் கீறி நேரம் எழுதினோம். அம்மா கிரகண நேரத்தில் சமைக்கக்கூடாது என்று வெளியில் இருந்தா. ஆறு நாள் கழித்து ஊரே இடம்பெயர்ந்தது. திரும்பி வந்தபோது ஓடும் இல்லை, நிலமும் இல்லை. பிறகு 2010இல், தைப்பொங்கலுக்கு மறுநாள், மதியம் ஒரு மணி தாண்டி வளையக் கிரகணம் ஊரின் மேலேயே வந்தது. வளையம் பத்து நிமிடமளவில் நின்றது. வேப்பமரத்தின் கீழே நிலமெல்லாம் சின்னச் சின்ன வளையங்கள். 2019 மார்கழியிலும் அப்படி ஒன்று வந்தது, உங்கள் மகளுக்கு அது நினைவிருக்கும்.

அவளுக்கு நான் கொடுக்கிற வீட்டுவேலை இது. சூரியனை ஒருபோதும் வெறும் கண்ணாலோ, எக்ஸ்ரே படத்தாலோ, கறுப்புக் கண்ணாடியாலோ பார்க்கக்கூடாது, பைனாகுலரில் கண்ணை வைத்துப் பார்த்தால் பார்வையே போய்விடும். பைனாகுலரின் ஒரு பக்கத்தை மூடி, மற்றப் பக்கத்தால் சூரிய உருவத்தை ஒரு வெள்ளைக் கடுதாசியில் விழுத்தவேண்டும். கருவி சூடாகும், ஒரு நிமிடத்துக்கு மேல் பிடிக்கக்கூடாது, பக்கத்தில் சின்னப் பிள்ளைகள் நிற்கக்கூடாது. கடுதாசியில் கரும்புள்ளி தெரிந்தால் பென்சிலால் குறித்துத் திகதியும் நேரமும் எழுதவேண்டும். நாளைக்கும் அதே நேரம். ஒரு கிழமையில் புள்ளி நகர்வது தெரியும். சூரியன் எங்களுக்குத் தெரிகிறபடி ஏறக்குறைய 27 நாளில் ஒருமுறை சுற்றுகிறது என்பதை அவளே தன் கடுதாசிகளிலிருந்து கணித்துவிடலாம். முகில் நாளில் "முகில்" என்று எழுதவேண்டும், வெறுமையாக விடக்கூடாது. கொடைக்கானல் பதிவேடுகளிலும் அப்படித்தான்.

அதற்கும் முன்னால், செலவே இல்லாத ஒன்று. சித்திரை வருடப் பிறப்புக்கு அடுத்தடுத்த நாட்களில், ஏப்ரல் 15ஐ ஒட்டி, யாழ்ப்பாணத்தில் சூரியன் நேர் உச்சிக்கு வரும். ஆவணியில் ஓகஸ்ட் 28 அளவில் இன்னொரு முறை. முற்றத்தில் ஒரு தடியைத் தூக்குக்குண்டு பிடித்து நேராக நட்டு, ஏப்ரல் என்றால் 12 மணி 10 நிமிடத்துக்குப் பார்க்கச் சொல்லுங்கள். 12 மணிக்கு இல்லை, 10 நிமிடம் கழித்து. அந்த 10 நிமிடம் எங்கிருந்து வந்தது என்று அவள் உங்களைக் கேட்பாள். நீங்கள் சொல்லிவிடாதீர்கள்.